ஒன்பதாவது குழாய்

ஐம்பத்திரண்டு வயதில் ஒரு மனிதன் தன் ரத்தப் பரிசோதனைத் தாளைப் பார்த்துவிட்டு, "இது என்னோடதா இருக்க முடியாது, நான் எப்பவோ செத்துப்போயிருக்கணுமே" என்று முணுமுணுத்தால் அவனை என்ன சொல்வீர்கள்? டாக்டர் பூவராகன் அன்று காலை அப்படித்தான் முணுமுணுத்துக்கொண்டிருந்தார். அதுவும் தேசிய மரபணு ஆராய்ச்சி நிலையத்தின் இரண்டாவது மாடியில், அந்த ஏசி குளிரில், சட்டை நனைய வேர்த்துக்கொண்டு.

விஷயம் இதுதான். நிலையத்துக்குப் புது இயந்திரம் ஒன்று வந்திருந்தது. அங்கே ஒரு வழக்கம் உண்டு. எட்டுக் குழாய்களில் நோயாளிகளின் ரத்தம் போனால், ஒன்பதாவது குழாயில் நோய் நொடி இல்லாத ஒருவரின் ரத்தம் போகும். அது ஒழுங்காக வந்தால்தான் மற்ற எட்டையும் நம்பலாம். பெரும்பாலும் நிலையத்தில் வேலை செய்கிறவர்களே கையை நீட்டிவிடுவார்கள். இந்தத் தடவை நீட்டியவர் பூவராகன். "நான் கல்லு மாதிரி இருக்கேன், என்னோடதையே போடுங்க" என்று பெருமை வேறு.

அந்தக் கல்லுக்கும், மூன்றாவது குழாயில் இருந்த ஏழு மாதப் பெண் குழந்தைக்கும் ஒரே மரபணு, ஒரே இடத்தில் உடைந்திருந்தது. அம்மாவிடமிருந்து வந்த பிரதியும் உடைசல், அப்பாவிடமிருந்து வந்த பிரதியும் உடைசல். இரண்டும் உடைந்திருந்தால் தசை வற்றும். முதலில் கால், அப்புறம் கை, கடைசியில் மூச்சு.

"இக்குழந்தைகள் ஐந்து வயதைத் தாண்டுவதில்லை." நிலையத்தின் அறிக்கையில் இந்த வரியை எழுதி வைத்தவரே பூவராகன்தான். பன்னிரண்டு வருஷத்தில் முப்பத்தோரு குடும்பங்களுக்கு அந்த வரியின் கீழே கையெழுத்துப் போட்டுக் கொடுத்திருக்கிறார்.

குழாய் மாறிவிட்டது என்றுதான் முதலில் நினைத்தார். வேறென்ன நினைப்பார் பாவம்? டெக்னீஷியன் கோமளாவை ஒரு பிடி பிடித்தார். அந்தப் பெண் எதிர்த்து ஒரு வார்த்தை பேசாமல் மறுபடி ஊசி எடுத்தாள். அதே முடிவு. பழைய இயந்திரத்தில் ஓட்டிப் பார்த்தார்கள். அதே முடிவு. ரத்தமே வேண்டாமென்று எச்சிலை எடுத்து ஓட்டினார்கள். அதுவும் அதையேதான் சொன்னது. பூவராகன் கோமளாவிடம் மன்னிப்புக் கேட்டார். தாளை மடித்துப் பையில் வைத்துக்கொண்டு குருவின் அறைக்குப் போனார்.

குரு என்றதும் தாடியைத் தேடாதீர்கள். டாக்டர் ஹெப்சிபா அவரைவிட ஆறு வயது இளையவர். குழந்தை வைத்தியராக நல்ல கூட்டத்தோடு கிளினிக் நடத்திக்கொண்டிருந்த பூவராகன், நாற்பது வயதில் அதை இழுத்து மூடிவிட்டு அந்த அம்மாவிடம் வந்து, "எனக்கு இதைச் சொல்லிக்கொடுங்க மேடம்" என்று நின்றார். ஊரே சிரித்தது. அவர் கண்டுகொள்ளவில்லை. அன்றிலிருந்து அவர் சீடர், இவர் குரு.

"மேடம், இதைக் கொஞ்சம் பாருங்க."

ஹெப்சிபா பார்த்தார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டு மறுபடியும் பார்த்தார்.

"ஒன்பது யாரு?"

"நான்தான்."

அவர் பூவராகனை உச்சி முதல் பாதம் வரை ஒரு தடவை பார்த்தார். மெதுவாக நாற்காலியை விட்டு எழுந்து நின்றார்.

"நீங்க ஏன் மேடம் எழுந்திருக்கீங்க?"

"தெரியலை. உட்கார்ந்திருக்கத் தோணலை."

"நான் எப்படி மேடம் உயிரோட இருக்கேன்?"

"வாங்க, மொட்டை மாடிக்குப் போவோம்."

பூவராகன் லிஃப்ட் பக்கம் திரும்பினார். "அதுல வேண்டாம், படியில" என்றார் ஹெப்சிபா.

இன்னும் நாலு மாடி ஏற வேண்டும். மூன்றாவது மாடி தாண்டுவதற்குள் ஹெப்சிபா கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றுவிட்டார். புஸ் புஸ்ஸென்று மூச்சு வாங்கியது. பூவராகன் இரண்டு படி மேலே நின்று காத்திருந்தார். அவருக்கு மூச்சு சீராகத்தான் இருந்தது.

"பாருங்க அநியாயத்தை. என் ஜீன்ல ஒரு குறையும் இல்லை. நான்தான் இங்க நிக்கிறேன்" என்றார் ஹெப்சிபா.

பூவராகன் குனிந்து தன் கால்களைப் பார்த்தார். ஐம்பத்திரண்டு வருஷமாக இந்தக் கால்களை ஒரு நாளாவது திரும்பிப் பார்த்தது உண்டா? பஸ்ஸைப் பிடிக்க ஓட்டியிருக்கிறார், கல்யாணத்துக்கு முன்பு மூன்று தடவை திருப்பதி மலை ஏற்றியிருக்கிறார், செருப்பு கடித்தால் திட்டியிருக்கிறார். இப்போது அவற்றைத் தொட்டுக் கும்பிட வேண்டும்போல இருந்தது. பயமாகவும் இருந்தது.

மாடியிலிருந்து கீழே மெயின் ரோடு தெரிந்தது. பஸ் ஸ்டாப்பில் நல்ல கூட்டம். ஒரு பெண்மணி இடுப்பில் பிள்ளையோடு நகரும் பஸ்ஸைத் துரத்தி ஏறினார். ஒருவர் தோளில் சிலிண்டரைத் தூக்கிக்கொண்டு ரோட்டைக் கடந்தார். காலேஜ் பையன்கள் காரணமில்லாமல் குதித்துக்கொண்டிருந்தார்கள்.

"இவங்கள்ல எத்தனை பேருக்கு உங்க உடைசல் இருக்கும்?" என்று கேட்டார் ஹெப்சிபா.

"தெரியாது மேடம்."

"ஏன் தெரியாது?"

"இவங்க யாரும் நம்மகிட்ட வந்ததில்லையே."

"நம்மகிட்ட யார் வந்தாங்க?"

"உடம்பு முடியாதவங்க." சொல்லிவிட்டு பூவராகன் கைப்பிடிச் சுவரைப் பிடித்துக்கொண்டார். "உடம்பு முடியாதவங்க மட்டும்தான் வந்தாங்க."

இன்னொரு பஸ் வந்து கூட்டத்தை அள்ளிக்கொண்டு போனது.

"ஐயோ, அந்த முப்பத்தோரு பேர்! குடும்பத்துல வேற பிள்ளைக்கு நோய்னு வந்த நாலஞ்சு பேருக்கு, குழந்தை நல்லா இருந்தப்பவே எழுதிக் கொடுத்தேனே மேடம். அந்தப் பிள்ளைங்க அப்புறம் என்ன ஆச்சுன்னு பாக்கவே இல்லையே."

"ஒவ்வொரு வீடாப் போய்ப் பார்ப்போம். நானும் வரேன். அந்த வரியைப் படிச்சுட்டுச் சரின்னு விட்டவ நான்தானே?"

"எனக்குள்ள ஏதோ ஒண்ணு இதைத் தாங்கிப் பிடிச்சிருக்கு. அது என்னவா இருக்கும்?"

"தெரியாது."

"கண்டுபிடிச்சுடலாமா?"

"அது அம்பத்திரண்டு வருஷமாச் சத்தம் போடாம வேலை பாத்துட்டிருக்கு. நாம இன்னிக்குத்தானே எட்டிப் பாக்கிறோம்? கொஞ்சம் மரியாதையாப் பாப்போம்."

அப்போது கோமளாவின் போன் வந்தது. மூன்றாவது குழாய்க் குழந்தையின் அப்பா அம்மா வந்து உட்கார்ந்திருக்கிறார்களாம், ரிப்போர்ட்டுக்கு.

"நான் என்ன எழுதட்டும் மேடம்?"

"பாத்ததை எழுதுங்க."

"ஒரே ஒரு ஆளை வச்சு அவங்களுக்கு ஆசை காட்டினதா ஆயிடாதா? நாளைக்கே பாப்பாவுக்குக் கால் விழுந்துட்டா?"

"அதையும் சொல்லுங்க. வாங்க, கூட உட்கார்றேன்."

தகப்பன் பெயர் ஏகாம்பரம், செய்யாறு பக்கம் ஜே.சி.பி. ஓட்டுகிறவன். அவனுடைய அக்கா மகள் நாலரை வயதில் இந்த நோயில்தான் போய்ச் சேர்ந்தாள். அதனால்தான் உள்ளூர் டாக்டர் இவர்களை இங்கே அனுப்பினார். தாய் அஞ்சலாட்சி குழந்தையை மேஜைமேல் உட்கார வைத்துப் பிடித்திருந்தாள். குழந்தைக்கு இன்னும் பெயர் இல்லை. தங்குமா தங்காதா என்று தெரிந்த பிறகு வைக்கலாம் என்று பெரியவர்கள் சொல்லிவிட்டார்கள். வீட்டில் யாரும் அதிகம் தூக்குவதும் இல்லை, பாசம் ஒட்டிக்கொள்ளும் என்று.

பூவராகன் சுற்றி வளைக்கவில்லை. "பாப்பாவுக்கு ரெண்டு பக்கமும் உடைஞ்சிருக்கும்மா. உங்க நாத்தனார் குழந்தைக்கு இருந்த அதே உடைசல்தான்."

ஏகாம்பரம் தலையைக் குனிந்துகொண்டான். அஞ்சலாட்சி அழவில்லை. குழந்தையின் முதுகில் இருந்த கையை எடுக்காமல் நிமிர்ந்து பார்த்தாள்.

"சார், இது இருந்தும் பொழச்சவங்க யாரையாவது நீங்க பாத்திருக்கீங்களா?"

முப்பத்தோரு அம்மாக்களும் இதைத்தான் கேட்டார்கள். முப்பத்தோரு தடவையும் அவர் மனசறிந்து "இல்லம்மா" என்றுதான் சொல்லியிருக்கிறார். பொய் சொன்னதில்லை. தினமும் கண்ணாடி பார்த்துச் சவரம் செய்த மனிதர் அவர்.

"ஒருத்தரைப் பாத்திருக்கேன்."

"ஒருத்தர்தானா?"

"ஒருத்தர்தாம்மா. நான் பாத்த மத்த குழந்தைங்களைப் பத்திச் சொன்னா மனசு தாங்காது. உங்க பாப்பா எந்தப் பக்கம்னு எனக்குத் தெரியலை. சத்தியமாத் தெரியலை."

"அவருக்கு என்ன வயசு?"

"அம்பத்திரண்டு."

ஏகாம்பரம் சட்டென்று தலையைத் தூக்கினான். "அம்பத்திரண்டா? நடப்பாரா சார்?"

"நடப்பார். நல்லா நடப்பார்."

குழந்தை எட்டி பூவராகனின் விரலைப் பிடித்தது. நல்ல பிடி. அவர் விடுவித்துக்கொள்ளவில்லை.

"இப்ப அவர் எப்படி சார் இருக்காரு?" என்று கேட்டாள் அஞ்சலாட்சி.

பூவராகன் வாயைத் திறந்தார். கண்ணிலிருந்து தண்ணீர் இறங்கிவிட்டது. ஒன்றும் செய்யத் தெரியாமல் பக்கத்தில் இருந்த ஹெப்சிபாவைப் பார்த்தார்.

ஹெப்சிபா அந்தத் தாயின் பக்கம் திரும்பினார்.

"கொஞ்சம் பயந்து போயிருக்காரும்மா. மத்தபடி நல்லா இருக்கார்."