ஏரிக்குள் இறங்க வேண்டிய ராஜா

ராஜாக்களுக்குக் கிரீடத்தைவிடக் காது பெரிதாக இருந்த காலம் ஒன்று இருந்ததாம். அந்தக் காலத்தில் வெள்ளாற்றூரை இராசமருதன் என்பவர் ஆண்டு வந்தார்.

அந்த ஊரில் 'சான்றோர் ஏடு' என்று ஒரு சுவடி உண்டு. நாட்டில் பேர் சொல்லும்படி வாழ்ந்தவர்களின் வாழ்க்கையெல்லாம் அதில் இருக்கும். அதை எழுதுகிறவன் உலகளந்தான். மெதுவாகப் பேசுவான், மெதுவாகத்தான் சிரிப்பான். ராஜாவுக்கு அவனைப் பிடிக்கும், கொஞ்சம் பயமும் உண்டு.

ஒருநாள் ராஜா சுவடியைப் புரட்டிவிட்டுக் கேட்டார்.

"இதில் நான் எங்கே இருக்கிறேன்?"

"முதல் ஓலையில், மகாராஜா. 'இராசமருதன் ஆட்சியில் எழுதியது' என்று போட்டிருக்கிறேன்."

"அது நெல் மூட்டையில் போடுகிற குறி மாதிரி இருக்கிறது. எனக்கு வாழ்க்கை வேண்டும்."

"அதற்கு ஏதாவது செய்திருக்க வேண்டுமே."

"செய்துவிட்டால் போயிற்று. யார் யார் என்ன செய்திருக்கிறார்கள், படி."

உலகளந்தான் ஒரு துறவியின் ஓலையைப் படித்தான். வாரத்தில் மூன்று நாள் பட்டினி என்று வந்ததும் ராஜா கையை ஆட்டினார். அடுத்து ஒரு படைத்தலைவன். நெற்றியில் பதினோரு வெட்டு என்றதும் தன் நெற்றியைத் தடவிப் பார்த்துக்கொண்டு, அதையும் தள்ளச் சொன்னார். மூன்றாவது, பெரிய ஏரிக்கு மதகு கட்டிய கல்தச்சன் பெரியாண்டானின் கதை. முதல் வரியிலேயே ராஜா நிறுத்தச் சொன்னார்.

"இது சௌகரியமாக இருக்கிறது. ஏரி யாருடையது?"

"உங்களுடையது."

"கல் வெட்டிய மலை?"

"அதுவும் உங்களுடையது."

"அப்படியென்றால் மதகு கட்டியது யார்?"

"பெரியாண்டான்."

"கொஞ்சம் யோசித்துச் சொல்."

உலகளந்தான் யோசித்தான். யோசித்து, "பெரியாண்டான்தான்" என்றான்.

"அவன் பேரை எடுத்துவிட்டு என் பேரைப் போடு. மற்றபடி ஓர் எழுத்தும் மாற்றாதே, கதை நன்றாகத்தான் இருக்கிறது. நாளைக்குள் போடாவிட்டால் நீ எல்லைக்கு அந்தப் பக்கம் போய் எழுதிக்கொள்ளலாம்."

பேர் போவது சின்ன விஷயமில்லை. ஏட்டில் பேர் இருக்கும்வரைதான் பெரியாண்டான் வீட்டுக்கு ஏரிக்குக் கீழே அரை வேலி நிலம். பேரை அடித்தால் நிலமும் போய்விடும். அவன் அப்போதுதான் நாற்றங்காலுக்கு விதை ஊறப்போட்டிருந்தான்.

உலகளந்தான் அவனைத் தேடிப் போனான்.

"அண்ணே, உன் பேரை எடுத்துவிட்டு ராஜா பேரைப் போடச் சொல்லியிருக்கிறார்."

"அப்போ என் நிலம்?"

"மதகு திறக்கிற நாள் வரைக்கும் பொறு. அதுவரை யார் கேட்டாலும், கட்டினது ராஜாதான்னு சொல்லிக்கிட்டே இரு."

சொன்னபடியே உலகளந்தான் பேரை மட்டும் மாற்றினான். ராஜா முத்திரை போட்டார். தமுக்கு அடித்து ஊர் ஊராக ஓலையைப் படித்தார்கள். அரண்மனையில் படித்தபோது, தன் பேர் வரும் இடத்தில் மட்டும் ராஜா தலையை ஆட்டினார். நடுவில் வந்ததெல்லாம் அந்தப் பெரிய காதிலும் விழவில்லை.

பத்தாம் நாள் அரண்மனை வாசலில் மேளச் சத்தம். ஏரிப் பாசனக்காரர்கள் திரண்டு வந்திருந்தார்கள். முன்னால் நின்றவள் அவர்களின் தலைவி வேலம்மை. கையில் மாலை. பின்னால் இரண்டு பேர் ஒரு வடக்கயிற்றையும் கனமான ஒரு கல்லையும் தூக்கிக்கொண்டு நின்றார்கள்.

"கிளம்பலாங்களா சாமி?" என்றாள் வேலம்மை.

"எங்கே?"

"மதகு திறக்கத்தான். ஓலையில கேட்டோமே. வருஷா வருஷம் இடுப்புல கல்லைக் கட்டிக்கிட்டு, ஏரிக்கு அடியில முங்கி, அடைப்புக் கல்லைத் தூக்கறது நீங்கதானாம். இத்தனை வருஷமா அது பெரியாண்டான்னுல்ல நெனச்சுக்கிட்டு இருந்தோம். எங்க கண்ணுதான் சரியில்ல."

கூட்டத்தில் யாரோ இருமினார்கள்.

"எவ்வளவு ஆழம்?" என்றார் ராஜா, மெதுவாக.

"நாலு ஆள் ஆழம். இந்த வருஷம் நல்ல மழை, அஞ்சுன்னு வைங்க."

ராஜா கூட்டத்தில் நின்ற பெரியாண்டானைப் பார்த்தார். "நீ இறங்கேன்."

"இறங்கலாம் சாமி. ஆனா கட்டினவர் கை பட்டாத்தான் அந்தக் கல்லு அசையும்னு ஓலையில இருக்கு. நான் கை வெச்சு அது அசைஞ்சுட்டா ஓலை பொய்யாயிடும். அதுல உங்க முத்திரை இருக்கு."

"வயலு காயுது சாமி. இன்னிக்குத் தண்ணி வந்தாகணும்" என்று வேலம்மை மாலையை உயர்த்தினாள்.

ராஜா பக்கத்தில் நின்ற உலகளந்தானைத் தனியே இழுத்தார். "எனக்கு முழங்கால் தண்ணீரிலேயே மூச்சு முட்டும். நீ என்னடா எழுதிவைத்தாய்?"

"ஓர் எழுத்தும் மாற்றாதே என்றீர்கள். மாற்றவில்லை."

"இப்போது மாற்று."

"முத்திரை விழுந்த ஓலையில் ராஜாதான் கை வைக்கலாம். அதுவும் ஊர் பார்க்க."

ராஜா ஒருமுறை வடத்தைப் பார்த்தார், ஒருமுறை கல்லைப் பார்த்தார். பிறகு அவனிடமிருந்து ஓலையையும் எழுத்தாணியையும் வாங்கி, அத்தனை பேர் முன்னால் தன் பேரைக் கீறி அடித்து, பெரியாண்டான் என்று எழுதினார். எழுத்து கோணலாக விழுந்தது. ஆனாலும் பேர் பேர்தான், நிலம் நிலம்தான்.

பெரியாண்டான் கும்பிட்டுவிட்டு வடத்தைத் தோளில் போட்டுக்கொண்டான். மேளம் அவன் பின்னால் போயிற்று.

"எல்லாம் போச்சு. இனி என்னைப் பற்றி எழுத ஒன்றுமில்லை" என்றார் ராஜா.

"இப்போதுதான் இருக்கிறது, மகாராஜா. செய்யாததைச் செய்ததாக எழுதிக்கொண்ட ராஜாக்கள் நாட்டுக்கு நாடு உண்டு. எழுதியதைத் தன் கையாலேயே அடித்தவர் நீங்கள் ஒருவர்தான். இதற்கு நான் ஒரு வார்த்தைகூட இட்டுக்கட்ட வேண்டாம்."

ராஜா அவனை முறைத்தார். அப்புறம் வயிறு குலுங்கச் சிரித்தார். தன் தோளில் கிடந்த பட்டுச் சால்வையை எடுத்து அவன் தோளில் போட்டார்.

"சரி, எழுது. ஆனால் ஏன் அடித்தேன் என்பதை மட்டும் எழுதாதே."

"அதை எழுதாவிட்டால், பெருந்தன்மையால் அடித்தீர்கள் என்று ஜனங்கள் நினைத்துக்கொள்வார்களே."

"அதனால்தான் சொல்கிறேன்" என்று சொல்லிவிட்டு ராஜா உள்ளே போனார். உலகளந்தான் சால்வையை மடித்து இடுக்கிக்கொண்டு, மெதுவாகச் சிரித்தபடி வீட்டுக்கு நடந்தான்.