இறகில்லாத சேவலும் ஆந்தையாரின் வரையறையும்

ஒரு காட்டில் ஒரு பள்ளிக்கூடம் இருந்தது. காட்டுக்குள் பள்ளிக்கூடமா என்று சிரிக்காதீர்கள், குழந்தைகளே. அது கிரேக்க நாட்டுக் காடு. பக்கத்திலேயே ஏதென்ஸ் நகரம். அந்த நகரத்தில் தத்துவ ஞானிகளுக்குப் பஞ்சமே இல்லை. கடைத்தெருவில் ஒருவர், குளத்தங்கரையில் ஒருவர், மரத்தடியில் ஒருவர் என்று எங்கே திரும்பினாலும் யாராவது யாரையாவது நிறுத்தி, "வீரம் என்றால் என்ன? நட்பு என்றால் என்ன?" என்று கேட்டுக்கொண்டிருப்பார்கள். மீன் வாங்கப் போனவன் மீன் வாங்காமலே வீடு திரும்புவான். அந்தப் பழக்கம் மெல்ல மெல்லக் காட்டுக்குள்ளும் வந்துவிட்டது.

பள்ளியை நடத்தியவர் ஆந்தையார். இளம் வயதில் அவர் ஒரு ஞானியின் பாடசாலைக் கூரையில் குடியிருந்தவர். கீழே பாடம் நடக்கும். மேலே இவர் கண்ணை மூடிக்கொண்டு கேட்பார். பகலில் அவருக்குக் கண் சரியாகத் தெரியாது. அதனால் உலகத்தில் உள்ள அத்தனையையும் காதாலேயே கற்று முடித்துவிட்டார்.

மாணவர்களும் லேசுப்பட்டவர்கள் அல்ல. ஆமை ஒன்று இருந்தது. "உலகத்தில் எதுவுமே நகர்வதில்லை. நகர்வதுபோலத் தோன்றுகிறது, அவ்வளவுதான்" என்பது அதன் கொள்கை. ஆமைக்கு வசதியான கொள்கை! கொக்கு ஒன்று இருந்தது. எதைக் கேட்டாலும் "எல்லாம் தண்ணீர்" என்று சொல்லும். நரி ஒன்று இருந்தது. ஆசிரியர் சொன்னதை அட்சரம் பிசகாமல் நம்பும். பள்ளி நேரத்தில் யாரும் யாரையும் தின்னக் கூடாது என்று விதி இருந்ததால் நரிக்குப் பக்கத்திலேயே மற்றவர்கள் தைரியமாக உட்கார்ந்திருந்தார்கள்.

முதல் வரிசையில் உட்காருவது லாம்போன் என்ற சேவல். அதற்குத் தன் இறகுகள்மேல் கொள்ளை ஆசை. சிவப்பும் பச்சையும் பொன்னிறமுமாக மினுமினுக்கும் இறகுகள். அதன் மனைவி மிர்த்தோ என்ற கோழி ஆறு குஞ்சுகளோடு கடைசி வரிசையில் உட்கார்ந்து, பாடத்தைக் கேட்டபடியே குஞ்சுகளுக்குப் புழு தேடிக்கொண்டிருக்கும்.

ஒருநாள் ஆந்தையார் கேட்டார்: "மனிதனைக் கண்டால் நாம் என்ன செய்ய வேண்டும்?"

"ஓட வேண்டும்!" என்றன எல்லாம்.

"ஓடுவதற்கு முன் வந்தது மனிதன்தான் என்று தெரிய வேண்டாமா?"

"வேண்டும், ஆசிரியரே!"

"தெரிவதற்கு வரையறை வேண்டாமா?"

"வேறெப்படி இருக்க முடியும், ஆசிரியரே!" என்றது லாம்போன். அந்தப் பள்ளியில் மாணவர்கள் பேசக்கூடியது பெரும்பாலும் அவ்வளவுதான்.

ஆந்தையார் தொண்டையைக் கனைத்துக்கொண்டார். "அப்படியானால் எழுதிக்கொள்ளுங்கள். மனிதன் என்பவன் இறகில்லாத இரண்டுகால் பிராணி."

எல்லாரும் வாயைப் பிளந்தார்கள். எவ்வளவு கச்சிதம்! நாய்க்கு நான்கு கால், ஆகவே மனிதன் இல்லை. கொக்குக்கு இறகு உண்டு, ஆகவே மனிதன் இல்லை. லாம்போன் எழுந்து நின்று இறகை விரித்துக் காட்டியது. "என்னைப் பாருங்கள்! நான் மனிதன் இல்லவே இல்லை!" என்று கொக்கரித்தது. எல்லாரும் கால்களைத் தரையில் தட்டிப் பாராட்டினார்கள்.

"இன்றுமுதல் முதலில் வரையறை, பிறகுதான் ஓட்டம்" என்று சொல்லிப் பாடத்தை முடித்தார் ஆந்தையார்.

பள்ளி விட்டதும் லாம்போன் நேராக ஓடைக்குப் போனது. தண்ணீரில் தன் அழகைப் பார்த்தது. இடப்பக்கம் திரும்பிப் பார்த்தது. வலப்பக்கம் திரும்பிப் பார்த்தது. மூன்றாவது தடவை பார்க்கும்போது தண்ணீரில் இரண்டு முகம் தெரிந்தது. ஒன்று நரியின் முகம்.

"பள்ளி முடிந்துவிட்டது, லாம்போன்" என்று சொல்லி லபக்கென்று பிடித்துக்கொண்டது நரி.

இந்த நரிக்குச் சாப்பாட்டு விஷயத்தில் சுத்தம் அதிகம். இறகு தொண்டையில் சிக்கினால் மூன்று நாளைக்கு இருமும். அதனால் சேவலைக் காலுக்கடியில் அழுத்திக்கொண்டு, இறகுகளை ஒவ்வொன்றாகப் பிடுங்கியது.

"ஐயோ! அது என் வால் இறகு! அதுதான் எல்லாவற்றிலும் அழகு!"

"பொறு, பொறு. இன்னும் கொஞ்சம்தான்."

கடைசி இறகையும் பிடுங்கிவிட்டு, நாக்கைச் சப்புக்கொட்டிக்கொண்டே நரி குனிந்து பார்த்தது. பார்த்தது பார்த்தபடியே நின்றுவிட்டது.

"இரண்டு கால்" என்றது மெதுவாக. "இறகு இல்லை."

அதன் வால் இரண்டு காலுக்கும் நடுவே போய் ஒளிந்துகொண்டது. "ஐயையோ! மனிதன்! ஐயா, தெரியாமல் பிடித்துவிட்டேன். மன்னித்துவிடுங்கள்!"

"என்னடா உளறுகிறாய்? நான்தான் லாம்..." என்று ஆரம்பித்த சேவல், நல்லவேளை, வாயைப் பொத்திக்கொண்டது. பிறகு கழுத்தை நீட்டி, "ஆமாம், நான் மனிதன்தான்! உன் தோலை உரித்துக் குல்லாய் தைத்துவிடுவேன்!" என்று அதட்டியது. நரி ஓடிய ஓட்டத்தில் மலைக்கு அந்தப் பக்கம் போய்த்தான் நின்றது.

பிழைத்தோம் என்று லாம்போன் வீட்டைப் பார்த்து ஓடியது. உடம்பெல்லாம் காற்றுப் பட்டுச் சிலிர்த்தது. இருந்தாலும் மனதில் சந்தோஷம். மிர்த்தோவிடம் நரியை ஏமாற்றிய கதையைச் சொல்ல வேண்டும். கதையைக் கொஞ்சம் கூட்டியும் சொல்ல வேண்டும்.

வழியில், பள்ளி நடக்கும் ஒலிவ மரத்தடியில் மற்றவர்கள் இன்னும் கலையாமல் இருந்தார்கள். அங்கே வந்ததுதான் தாமதம். "மனிதன்! மனிதன்!" என்று கொக்கு அலறியது.

"நான்தான்! லாம்போன்!"

"அமைதி!" என்றார் ஆந்தையார், கண்ணைத் திறக்காமலே. "நமக்கு முறை இருக்கிறது. வந்திருப்பவரே, உமக்கு எத்தனை கால்?"

"இரண்டு. ஆசிரியரே, என் குரல் தெரியவில்லையா?"

"கேட்டதற்கு மட்டும் பதில். இறகு உண்டா?"

"காலையில் இருந்தது."

"காலையில் இருந்ததை நான் கேட்கவில்லை."

லாம்போன் தன் உடம்பைக் குனிந்து பார்த்தது. "இப்போது இல்லை" என்றது.

ஆந்தையார் மிர்த்தோவின் பக்கம் திரும்பினார். "அம்மா, உன் கணவருக்கு இறகு உண்டா?"

"உண்டு, ஆசிரியரே. அதைக் கோதிக்கொள்ளவே அவருக்குப் பாதி நாள் போய்விடும்."

"இவருக்கு?"

"ஒன்றுகூட இல்லை."

"ஆகவே?"

மிர்த்தோ சேவலை ஏற இறங்கப் பார்த்தது. குரல் அவர் குரல்தான். நடையும் அவர் நடைதான். ஆனால் ஆசிரியர் எவ்வளவு படித்தவர்! அதன் கண் கலங்கியது. "ஆகவே... இவர் அவர் இல்லை" என்றது.

நரி அத்தனை இறகைப் பிடுங்கியபோது வலித்தது உண்மை. ஆனால் இந்த ஒரு வார்த்தை அதைவிட அதிகமாக வலித்தது. லாம்போனுக்கு அழுகை அழுகையாக வந்தது.

"இறகு முளைத்ததும் வாரும். மறுபடி ஆராய்வோம்" என்றார் ஆந்தையார். சேவலைக் காட்டின் ஓரத்துக்குத் துரத்திவிட்டார்கள்.

அங்கே ஒரு முள்புதருக்கு அடியில் லாம்போன் நடுங்கிக்கொண்டு கிடந்தது. மறுநாள் மிர்த்தோ வந்து, சற்றுத் தள்ளி நின்று, நாலு பார்லி மணிகளைப் போட்டது.

"மனிதனாக இருந்தாலும் பசிக்கும் இல்லையா" என்று யாருக்கோ சொல்வதுபோலச் சொன்னது.

"மிர்த்தோ, நான்தான்..."

"மனிதரோடு பேசக் கூடாது என்று ஆசிரியர் சொல்லியிருக்கிறார்" என்று சொல்லிவிட்டுத் திரும்பித் திரும்பிப் பார்த்துக்கொண்டே போய்விட்டது.

நான்காம் நாள் காலை, புதருக்குப் பக்கத்தில் காலடிச் சத்தம் கேட்டது. லாம்போன் எட்டிப் பார்த்தது. ஒரு வேடன்! அவனும் ஆள் கெட்டிக்காரன். பறவைகள் பயப்படாமல் இருக்கட்டும் என்று வாத்து இறகும் நாரை இறகுமாகத் தைத்த அங்கி ஒன்றைத் தலைமுதல் கால்வரை போர்த்திக்கொண்டிருந்தான். தொப்பியில் ஒரு நீண்ட இறகு. கையில் பெரிய வலை. தோளில் தானியப் பை.

அவன் நேராகப் பள்ளிக்கூடத்துக்குப் போனான். அங்கே மிர்த்தோ இருக்கிறது. ஆறு குஞ்சுகளும் இருக்கின்றன. முள் கிழிப்பதையும் பாராமல் லாம்போன் அவன் பின்னாலேயே ஓடியது.

பள்ளியில் யாரும் ஓடவில்லை. முதலில் வரையறை அல்லவா!

"வந்திருப்பது யார்? எத்தனை கால்?" என்று கேட்டார் ஆந்தையார்.

"இரண்டு" என்றது ஆமை.

"இறகு?"

"உச்சி முதல் உள்ளங்கால் வரை, ஆசிரியரே!"

"ஆகவே பறவை. ஏதோ தூர தேசத்துப் பெரிய பறவை. தள்ளி உட்கார்ந்து இடம் கொடுங்கள்."

மிர்த்தோ தயங்கியது. "ஆசிரியரே, அது கையில் வலை வைத்திருக்கிறதே?"

"வரையறையில் வலையைப் பற்றி ஒன்றும் இல்லை, அம்மா."

வேடனுக்குத் தன் கண்ணையே நம்ப முடியவில்லை. ஒரு பறவைகூடப் பறக்கவில்லை! வலையை விரித்தான். நடுவில் தானியத்தைத் தூவினான். "விருந்தாளி விருந்தும் கொண்டுவந்திருக்கிறார்!" என்று கொக்கு முதலில் போனது. பின்னால் ஆமை. பின்னால் ஆறு குஞ்சுகளும் கீச்சுக்கீச்சென்று வலைக்குள் போயின. மிர்த்தோவும் போனது.

"போகாதீர்கள்! அவன்தான் மனிதன்!" என்று கத்தியது லாம்போன்.

"பாருங்கள், ஒரு மனிதன் ஒரு பறவையைப் பார்த்து மனிதன் என்கிறான்" என்றார் ஆந்தையார். எல்லாரும் விழுந்து விழுந்து சிரித்தார்கள்.

வேடன் வலையின் கயிற்றைப் பிடித்துவிட்டான். இழுத்தால் தீர்ந்தது. உண்மையைச் சொன்னால் ஒருவரும் கேட்கவில்லை. இவர்கள் எதைக் கேட்பார்கள்? ஒன்றுதான் இருந்தது. அதைச் சொல்ல லாம்போனுக்கு நாக்கு எழவில்லை. நாலு நாளாக "நான் மனிதன் இல்லை" என்று கதறிய வாய் அது. சொல்லிவிட்டால் மிர்த்தோ அதை உண்மை என்றே நம்பிவிடும். அப்புறம் இறகு முளைத்தும் என்ன பயன்?

குஞ்சுகளைப் பார்த்தது. மொட்டைச் சிறகுகளை விரித்தது. வலைக்குள் பாய்ந்தது.

"ஆமாம்! நான் மனிதன்தான்!" என்று தொண்டை கிழியக் கத்தியது. "உங்கள் எல்லாரையும் உப்புப் போட்டு வறுக்கப்போகிறேன்! முதலில் இந்தக் குஞ்சுகள்! பிறகு இந்தக் கோழி!"

"மனிதன்! மனிதனே ஒத்துக்கொண்டுவிட்டான்!"

அவ்வளவுதான். காடே கலகலத்தது. கொக்கு பறந்தது. மிர்த்தோ குஞ்சுகளை விரட்டிக்கொண்டு பாய்ந்தது. உலகத்தில் எதுவுமே நகர்வதில்லை என்ற ஆமை எல்லாருக்கும் முன்னால் போய்க்கொண்டிருந்தது. ஆந்தையார் கண்ணை மூடிக்கொண்டே பறந்து ஒலிவ மரத்தில் மோதி, அதே மரத்தில் உட்கார்ந்துகொண்டார்.

வலைக்குள் மிஞ்சியது லாம்போன் மட்டும். வேடன் முதலில் தலையில் அடித்துக்கொண்டான். பிறகு குனிந்து பார்த்தான். அவன் முகம் மலர்ந்தது.

"அடடே! உரித்தே வைத்திருக்கிறார்களே!"

தாவிப் பிடித்தான். ஆனால் பிடிக்க ஒரு இறகாவது வேண்டாமா? மொட்டைச் சேவல் வழுக்கிக்கொண்டு கைக்கு வெளியே போனது. மறுபடி தாவினான். சேவல் அவன் காலுக்கிடையில் நுழைந்தது. வேடன் தன் வலையில் தானே சிக்கி, தடுமாறி, தலைகுப்புற விழுந்து புரண்டான். அங்கி வலையில் மாட்டிப் பரபரவென்று கிழிந்தது. வாத்து இறகும் நாரை இறகும் நாலா பக்கமும் பறந்தன. ஒருவழியாக எழுந்து நின்றபோது அவன் இடுப்பில் ஒரு கோவணம்தான் மிச்சம்.

புதருக்குப் பின்னாலிருந்து ஆமை எட்டிப் பார்த்தது. "ஆசிரியரே! அந்தப் பறவை மனிதனாக மாறிவிட்டது!"

"நான்தான் சொன்னேனே" என்றார் ஆந்தையார். "வரையறை தப்பவே தப்பாது."

வேடன் அங்கியும் வேண்டாம், கோழியும் வேண்டாம் என்று கோவணத்தைப் பிடித்துக்கொண்டு ஊரைப் பார்த்து ஓடினான். ஒவ்வொருவராக வெளியே வந்தார்கள். கிழிந்த வலைக்குப் பக்கத்தில் மூச்சு வாங்க நின்ற லாம்போனைப் பார்த்ததும் மறுபடியும் பின்வாங்கினார்கள்.

மிர்த்தோ மட்டும் பின்வாங்கவில்லை. "மனிதனாவது, எங்களை வெளியே விரட்டிவிட்டுத் தான் போய் வலையில் நிற்பதாவது!" என்று சொல்லிக்கொண்டே முன்னால் நடந்தது.

"நில், அம்மா!" என்றார் ஆந்தையார். "அவசரப்படாதே. வரையறையில் ஒரு சின்னத் திருத்தம் செய்துவிட்டேன். மனிதன் என்பவன் இறகில்லாத, தட்டையான நகமுள்ள இரண்டுகால் பிராணி. ஆகவே வந்திருப்பவர் முதலில் தம் நகத்தைக் காட்டட்டும்."

லாம்போன் பாவம், பழக்கதோஷத்தில் காலைத் தூக்கிவிட்டது.

"காலைக் கீழே வையுங்கள்" என்றது மிர்த்தோ. "இத்தனை நாளும் என் மனசு சொல்லிக்கொண்டேதான் இருந்தது. நான்தான் கேட்கவில்லை."

பிறகு தன் சிறகை விரித்து, அந்த மொட்டை உடம்பை அணைத்துக்கொண்டது. ஆறு குஞ்சுகளும் ஓடிவந்து இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் ஒட்டிக்கொண்டன.

"நகம் என்ன ஆயிற்று?" என்று மரத்தின்மேலிருந்து குரல் வந்தது.

"நீங்கள் வரையறுத்துக்கொண்டே இருங்கள், ஆசிரியரே" என்றது மிர்த்தோ. "இவருக்குக் குளிருகிறது. நாங்கள் வீட்டுக்குப் போகிறோம்."

நீதி: படித்தவர் வகுத்த வரையறை எவ்வளவு பெரிதானாலும், எதிரே நிற்பவரைக் கண்ணைத் திறந்து பார்.