எட்டாம் வேற்றுமை

முன்னொரு காலத்திலே, கூப்பிட்டால் ஆறும் பதில் சொல்லும் என்று சனங்கள் நம்பியிருந்த காலத்திலே, பரிசல் துறைக்கு மேலே உமையாள் என்று ஒருத்தி இருந்தாள். இலக்கணம் சொல்லிக்கொடுப்பது அவள் வேலை. வேம்பன் என்பவன் அவளிடம் பாடம் கேட்டுவந்தான். மீசை வைத்த ஆள்தான். தாய் தகப்பன் தெரியாமல் சத்திரத்துச் சோற்றில் வளர்ந்தவன்.

ஒருநாள் வேற்றுமைப் பாடம்.

"அக்கா, எட்டாவதுக்கு ஏன் விளின்னு பேர் வச்சாங்க?"

"விளித்தல்னா கூப்பிடுறது."

"சரி. கூப்பிட்டா அது எப்படி வேற்றுமை ஆகும்?"

"வேற்றுமைன்னா மாறுறது. உன் பேரையே கூப்பிட்டுப் பார்."

"வேம்பன். வேம்பா." அவன் சிரித்தான். "கடைசியிலே கொஞ்சூண்டு மாறுது. இதுக்கா இத்தனை பெரிய பேரு?"

உமையாள் ஏட்டைக் கட்டிவைத்தாள். "துறைக்கு வா. காவாயி தன் மகனைக் கூப்பிடுற நேரம்."

காவாயியின் மகன் முந்தின நாள் பரிசல் கவிழ்ந்து ஆற்றோடு போனவன். உடல் கிடைக்கவில்லை. அப்படிப் போனவனை, பொழுது சாயும்போது தாய் கரையில் நின்று பேர் சொல்லிக் கூப்பிடுவது அந்த ஊர் வழக்கம். கூப்பிட்டால் உடல் மேலே வரும். அதே பேர் உள்ள யாரும் அந்த நேரம் வாய் திறக்கக் கூடாது. திறந்தால் ஆள் மாறிப்போகும் என்பார்கள்.

காவாயி மகன் பேரும் வேம்பன்தான்.

"என்ன ஆனாலும் பதில் சொல்லாதே," என்றாள் உமையாள், நடந்துகொண்டே.

"நான் என்ன பச்சைப் பிள்ளையா அக்கா? வேணும்னா வாயிலே துண்டை அடைச்சுக்கிறேன்."

துறையில் சனம் ஒதுங்கி நின்றது. காவாயி முழங்கால் தண்ணீரில் நின்றாள். கையில் கஞ்சிக் கலயம்.

"வேம்பா... கஞ்சி ஆறுதுடா. இன்னும் எம்புட்டு நேரம் தண்ணியிலே ஆடுவே? வாடா ராசா."

வேம்பனை யாரும் அதுவரை சாப்பிடக் கூப்பிட்டதில்லை. சத்திரத்தில் மணிதான் அடிப்பார்கள்.

நடு ஆற்றில் தலைமுடி தெரிந்தது. பிறகு ஒரு தோள்.

"வருது, வருது," என்றது சனம்.

"வேம்பா!"

"இதோ வந்துட்டேம்மா."

சொன்னது உமையாளின் பக்கத்தில் நின்றவன். அவள் அவன் வாயைப் பொத்தினாள். பொத்துவதற்குள் சொல்லிவிட்டிருந்தான். ஆற்றில் மேலே வந்தது அப்படியே உள்ளே இறங்கிவிட்டது. சனம் சத்தமில்லாமல் கலைந்தது.

காவாயி கரையேறி வந்து முந்தானையால் அவன் தலையைத் துவட்டினாள். அவன் ஆற்றில் கால்கூட வைக்கவில்லை. ஆனாலும் முடியிலிருந்து தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்தது.

"இம்புட்டு நேரம் எங்கேடா இருந்தே?"

அவன் கலயத்தை வாங்கிக் குடித்தான். "உப்புக் கம்மிம்மா."

"உனக்கு என்னிக்குத்தான்டா உப்புச் சரியா இருந்திருக்கு?"

இருவரும் மேடேறினார்கள்.

"வேம்பா!" என்று உமையாள் கத்தினாள்.

அவன் திரும்பவில்லை. ஆற்றுக்குள்ளிருந்து பதில் வந்தது.

"இங்கே இருக்கேன் அக்கா."

பாடத்தில் கேள்வி கேட்கும் அதே குரல். அது சிரிக்கப் பார்த்தது. "கடைசியிலே கொஞ்சூண்டுதான் மாறும்னு நெனச்சேன்."

உமையாள் தண்ணீரில் இறங்கினாள்.

"குளிருது அக்கா. அந்தம்மா கூப்பிட்டாங்களே, அதே மாதிரி ஒரு தடவை கூப்பிடுங்க. வந்துடறேன்."

அவள் வாயைத் திறந்தாள். மேட்டுக்கு அந்தப் பக்கம் காவாயி சிரிப்பது கேட்டது. திறந்த வாய் மூடிக்கொண்டது.

"எனக்குப் பாடத்துக்குக் கூப்பிடத்தான்ப்பா தெரியும்," என்றாள்.

ஆறு பேசவில்லை. உமையாள் கரையேறி, ஈரச் சேலையோடு திரும்பிப் பார்க்காமல் நடந்தாள்.