முதுகு காட்டிய நாடு

மேகமாடம் என்றொரு நாடு. அதன் ராஜா இடிமுடியன் மேகத்தைத் துளைக்கிற உயரத்தில் ஒரு கோபுரம் கட்டினான். அது யார் கண்ணில் பட்டாலும் உடனே தரையில் விழுந்து கும்பிட வேண்டும், தவறினால் நாடு கடத்தல் என்று சட்டமும் போட்டான். கோபுரமோ நாட்டின் எந்த மூலையிலிருந்தும் தெரிந்தது. எழுந்தால் தெரியும், தெரிந்தால் விழ வேண்டும். நாற்று நடுகிற நேரத்தில் வயல்கள் வெறுமனே கிடந்தன. இப்படியே போனால் பஞ்சம்தான் என்று ஜனங்கள் பயந்தார்கள்.

ஒரு மத்தியானம் ராஜாவுக்குச் சாப்பாடு வரவில்லை. கோபமாகச் சமையலறைக்குள் நுழைந்தான். சமையல்காரி வஞ்சி தரையில் குப்புறக் கிடந்தாள்.

"இன்னும் உலையே வைக்கவில்லையா?"

"அடுப்புக்கு நேரே ஜன்னல், மகாராஜா. எழுந்தால் கோபுரம் தெரிகிறது."

"அதற்கு முதுகைக் காட்டிக்கொண்டு சமையேன்!"

"உத்தரவு, மகாராஜா. நெல் நடுகிறவர்களுக்கும் விறகு வெட்டுகிறவர்களுக்கும் இதே உத்தரவுதானே? அவர்கள் இல்லாமல் உலை கொதிக்காதே."

"எல்லாருக்கும்தான்! முதலில் சோற்றைப் போடு!"

வஞ்சி உலையை ஏற்றிவிட்டு, அந்த உத்தரவைத் தண்டோரா போடச் சொன்னாள்.

மறுநாள் ராஜா மாடத்தில் நின்று பார்த்தான். வயலில், கடைத்தெருவில், எங்கும் எல்லாரும் கோபுரத்துக்கு முதுகைக் காட்டியபடி மும்முரமாக வேலை செய்துகொண்டிருந்தார்கள். அவன் முகம் சுருங்கிவிட்டது. வஞ்சியைக் கூப்பிட்டான்.

"என் கோபுரத்தை இனி யாருமே பார்க்க மாட்டார்களா?"

"அழகான கோபுரம், மகாராஜா. சட்டத்தை எடுத்துவிட்டால் தானாகப் பார்ப்பார்கள்."

எடுத்துவிட்டான். அன்று சாயங்காலம் ஜனங்கள் சேற்றுக் கையோடு வரப்பில் நின்று, முதல்முறையாகக் கோபுரத்தை உச்சிவரை அண்ணாந்து பார்த்தார்கள்.

"அடேயப்பா!" என்றார்கள்.

ராஜாவுக்கு அது போதுமாயிருந்தது.