முப்பத்தொரு வண்டிச் செங்கல்

காக்கை வெள்ளையாக இருந்ததோ என்னவோ, அவ்வளவு காலத்துக்கு முன்னால், நீலவாவி என்ற நாட்டை மஞ்சுவளவன் என்று ஒரு ராஜா ஆண்டுவந்தார். தங்கமான மனுஷர். ஆனால் காலையில் கண்ட கனவை மத்தியானத்துக்குள் கட்டிப் பார்த்தாக வேண்டும் அவருக்கு. அந்த நாட்டில் காசு கிடையாது, முத்திரை குத்திய செங்கல்தான் செலாவணி. வரியும் கூலியும் சீதனமும் வண்டி வண்டியாகச் செங்கல். ராஜா கண்ட கனவுகளில் கஜானா எப்போதோ காலி.

அப்படிப்பட்டவருக்கு ஒருநாள் விடியலில் ஒரு கனவு. ஏரிக்கரையின் அந்தக் கோடியில் ஒரு வெள்ளை வீடு. சன்னலைத் திறந்தால் அல்லி வாசனை. தரையெல்லாம் தண்ணீரின் வெளிச்சம் நெளிகிறது. விழித்ததும் மனுஷர் அழுதேவிட்டார்.

"மூவாயிரம் வண்டிக் கல் வேண்டுமே, எங்கே போவேன்?" என்று சபையில் புலம்பினார்.

மாணிக்கராயர் எழுந்தார். நாட்டிலேயே பெரிய சூளைக்காரர். அவருக்கு வெகுநாளாக ஒரு வயிற்றெரிச்சல். தினமும் மடைக்காரி செம்பாயி வந்து ஏரியில் தண்ணீர் எவ்வளவு என்று சொன்ன பிறகுதான் சபையில் மற்றவர் வாய்திறக்கலாம், அது அந்த நாட்டு வழக்கம். சேற்றுக்காலோடு வருகிறவளுக்காகத் தான் வாயை மூடிக்கொண்டு நிற்பதா? ஏரி தன் கைக்கு வந்தால் முதல் வேலையாக அவளை விரட்டிவிடலாம் என்று கணக்குப் போட்டார்.

"மகாராஜா, மூவாயிரம் வண்டியும் நான் தருகிறேன். நாளைக்கே அஸ்திவாரம் போடலாம். மாதம் முப்பத்தொரு வண்டி கட்டினால் போதும். பட்டத்து யானை மிதித்து உடைப்பதே அவ்வளவு இருக்கும்."

"அடகு?"

"பெயருக்கு ஏரியை எழுதித் தாருங்கள். ஒரு தவணை தவறினால்தானே அது என்னுடையது! தவறுமா என்ன?"

பத்திரத்தில் குத்துவதற்காக ராஜா ஏரிக்கென்று இருந்த முத்திரை மோதிரத்தைக் கழற்றிவிட்டார். சபையில் நின்றிருந்த செம்பாயி ஓரடி முன்னால் வந்தாள். நாற்பது ஊர் வயலும் அந்தத் தண்ணீரை நம்பித்தான் இருக்கிறது. கணக்கைச் சொல்லித் தடுக்கலாம் என்றால், கணக்கு என்ற சொல்லைக் கேட்டாலே ராஜாவுக்குக் கொட்டாவி வரும்.

"வட்டி எம்புட்டுங்க ராயரே?"

"நூற்றுக்கு ஒன்று, மாதத்துக்கு. ஊர் வழக்கம்தான்."

"நியாயந்தேன். மகாராஜா, தவணை கட்டிக்கிட்டே அந்த வீடு வரைக்கும் இன்னிக்கே போய்ட்டு வருவோமா?"

ராஜாவுக்கு முகமெல்லாம் பூரிப்பு. செம்பாயி விளையாட்டை விளக்கினாள். ஒரு வண்டிக்கு ஒரு செங்கல். முரசு ஒரு தட்டு தட்டினால் ஒரு மாதம். கடனில் கழிகிற கல்லை ராஜாவின் பல்லக்குக்கு முன்னால் வைப்பார்கள், பல்லக்கு அந்தக் கல்லின் நீளத்துக்கு நகரும். அரண்மனை வாசலிலிருந்து அப்படி மூவாயிரம் கல் வைத்தால் கரையின் கோடி. வட்டிக்குப் போகிற கல்லை ராயரைச் சுற்றி அடுக்குவார்கள். ராயர் முக்காலி போட்டு ஜம்மென்று உட்கார்ந்துகொண்டார்.

முரசு ஒலித்தது. ராயரின் சூளையிலிருந்தே முப்பத்தொரு கல் வந்தது. முப்பது ராயரிடம் போனது. பல்லக்குக்கு முன்னால் ஒன்று.

"ஒன்றுதானா?"

"மூவாயிரத்துக்கு வட்டி முப்பதுங்க. மிச்சம் ஒண்ணு."

"போகப் போக ஓடும்," என்று ராஜா திண்டில் சாய்ந்தார்.

நாற்பது ஊர் ஆட்களும் வரிசையில் நின்று கல்லைக் கைமாற்றினார்கள். ஏரியிலிருந்து மெல்லிய பனி ஏறியது. கொக்கு ஒன்று ஒற்றைக்காலில் நின்று பார்த்தது. முரசுச் சத்தம் தண்ணீருக்குள்ளிருந்து வருவதுபோல் இருந்தது. ராஜாவுக்குக் கண் செருகியது. அல்லி வாசனை வந்தபோது திடுக்கிட்டு விழித்தார்.

"வீடு வந்துவிட்டதா?"

"இல்லீங்க. மூணு வருசம் ஆச்சு. நாப்பத்து மூணு கல்லு."

மறுபடி தூங்கினார், மறுபடி விழித்தார். வெயில் சாய்ந்திருந்தது. "இப்போது?"

"பத்து வருசமுங்க. உங்களுக்கு வயசு அம்பத்தஞ்சு. இருநூத்தி முப்பது கல்லு வந்திருக்கோம்."

ராஜா திரும்பிப் பார்த்தார். அரண்மனை வாசல் அங்கேயே இருந்தது, மடைப்பள்ளியில் தாளிக்கிற வாசனைகூட வந்தது. கரையின் கோடியோ இன்னும் பனிக்குள்.

"ராயர் எங்கே?"

"அந்தச் சுவத்துக்குள்ள. மூவாயிரத்து நானூத்தித் தொண்ணூறு கல்லு. அவர் குடுத்த வீடு அவருக்கே திரும்பிருச்சு, அதுக்கு மேலயும் லாபம். உங்க கடன் மட்டும் இன்னும் ரெண்டாயிரத்து எழுநூத்தி எழுபது. முழுசா முடிய இருபத்தொம்பது வருசத்துக்கு மூணு மாசம்தேன் குறைச்சல். ஒரு வீட்டுக்கு மூணரை வீட்டுக் கல்லு போயிரும். நடுவுல ஒரு மழையில சூளை நனைஞ்சு தவணை தவறுச்சுன்னா, ஏரியும் போயிரும்."

ராஜாவுக்கு அவமானமாக இருந்தது. "எனக்கு அந்த வீடு வேண்டும், செம்பாயி," என்றார், குழந்தைபோல.

"கட்டுங்க, யாரு வேணாம்னா? அதே முப்பத்தொரு வண்டியை மாசாமாசம் உங்க முற்றத்துல அடுக்குங்க. எட்டு வருசம் ஒரு மாசத்துல மூவாயிரம் சேர்ந்துரும்."

சுவருக்குள்ளிருந்து குரல் வந்தது. "மகாராஜா, மூச்சு முட்டுகிறது. யாரையாவது விட்டு எடுக்கச் சொல்லுங்கள்."

"உம்முடைய வட்டிதானே ராயரே, நீரே இறக்கும்," என்றார் ராஜா. சபையே சிரித்தது. உள்ளேயிருந்து ஒவ்வொன்றாகத் தள்ளி வெளியே வந்தவரையே அத்தனை கல்லையும் சூளைக்குச் சுமக்க வைத்தார்கள். நான்கு நாள் ஆயிற்று.

"உனக்கு என்ன வேண்டும், கேள்," என்றார் ராஜா செம்பாயியிடம்.

"அந்த ஏரி மோதிரத்தைக் குடுங்க. நாளைக்கு நீங்க வேற கனவு காண்பீக."

ராஜா சிரித்துவிட்டுக் கொடுத்தார். "நானே கேட்டாலும் தராதே."

அதற்குப் பிறகு மூன்று தடவை அவரே மடைக்கு வந்து மோதிரத்தைக் கேட்டார். முதல் தடவை இல்லை என்றதும் கோபித்துக்கொண்டு போனார். இரண்டாம் தடவை கெஞ்சிப் பார்த்தார். மூன்றாம் தடவை கேட்க வாயெடுத்தவர், முற்றத்தில் தோளுயரம் வளர்ந்திருந்த சொந்தக் கல்லை நினைத்துக்கொண்டார். "இன்னும் இரண்டே வருஷம்," என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டு வந்த வழியே திரும்பிவிட்டார்.