சாலமன் குடும்பத்து மீன்

நீலிமடை என்று ஒரு மலையூர். பஸ் கடைசியாக நிற்கிற இடத்திலிருந்து இன்னும் இரண்டு மைல் ஏறினால் வரும். அந்த ஊர்க்காரர்கள் கெட்டவர்களும் இல்லை, சோம்பேறிகளும் இல்லை. யார் எதைச் சொன்னாலும் அதைச் சொன்னபடியே செய்வார்கள். அவர்களுக்கு இருந்த தொந்தரவு அது ஒன்றுதான்.

ஊருக்கு மேலே ஐஸ் மாதிரி குளிர்ந்த ஓடை ஒன்று ஓடுகிறது. எந்தக் காலத்திலோ அரசாங்கத்து ஆட்கள் அதில் கொண்டுவந்து விட்ட குஞ்சுகள் பெருகி, உடம்பெல்லாம் புள்ளியோடு திரிந்தன. ஊரார் புள்ளிமீன் என்றார்கள். அதைப் பிடித்து விற்கும் குத்தகை நாலு பேர் கொண்ட ஒரு சங்கத்திடம் இருந்தது. தலைவர் சோணைமுத்துவுக்குப் பெரிய மீசை, அதைவிடப் பெரிய குரல். மாயக்காள் வாழ்க்கையில் சந்தேகமே வராத பெண். ஒச்சப்பன் எதற்கும் முதலில் அழுதுவிட்டு, அப்புறம் காரணம் கேட்பவன். நாலாவது ஆள் செயலாளர் தவசி. எட்டாவது வரை படித்தவன் அவன் ஒருவன்தான் என்பதால் ஊருக்கே அறிவாளி. அந்தப் பாரத்தில் அவனுக்குச் சாப்பாடு சரியாக இறங்குவதில்லை.

சங்கம் ஒழுங்காகத்தான் நடந்தது. முன்பிருந்த மீன்வளத்துறை அதிகாரி, "மீன்களைக் கண்ணும் கருத்துமாகப் பார்த்துக்கொள்ளுங்கள்" என்று சொல்லிவிட்டுப் போயிருந்தார். அன்றிலிருந்து ஒச்சப்பன் கரையில் உட்கார்ந்து கண்ணால் பார்ப்பான். மாயக்காள் பக்கத்தில் கண்ணை மூடிக்கொண்டு கருத்தாக இருப்பாள். மதியத்துக்கு மேல் வேலையை மாற்றிக்கொள்வார்கள்.

ஒரு திங்கட்கிழமை புது அதிகாரியிடமிருந்து தபால் வந்தது. தவசி தொண்டையைச் செருமிக்கொண்டு வாசித்தான்.

"தங்கள் ஓடையில் இருப்பது சால்மோனிட் வகை மீன்தானா என்று வரும் வெள்ளிக்கிழமை நேரில் ஆய்வு செய்ய உள்ளேன். சால்மோனிட் இல்லையெனில் குத்தகை ரத்து செய்யப்படும்."

ஒச்சப்பன் ஓவென்று அழுதான்.

"எதுக்குடா அழுற?" என்றார் சோணைமுத்து.

"அதை இனிமேதாண்ணே கேக்கணும்."

எல்லோரும் தவசியைப் பார்த்தார்கள். அவன் கடிதத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்தான். அப்படி ஒரு சொல்லை அவன் ஜென்மத்தில் கேட்டதில்லை. தெரியாது என்று சொல்லிவிட்டால் நாளைக்கு ஊரில் எவன் அவனிடம் கல்யாணப் பத்திரிகையைப் படிக்கக் கொடுப்பான்?

"இது கூட்டுச் சொல்லு. பிரிச்சுப் பாத்தாத்தான் வழிக்கு வரும்" என்றான்.

பிரித்தார்கள்.

"சால்னா தண்ணி ஊத்தி வைக்கிற பெரிய பானை" என்றாள் மாயக்காள். "எங்க வீட்டுல ரெண்டு கெடக்கு."

"மோனின்னா பேசாம இருக்கிற சாமியாரு" என்றார் சோணைமுத்து.

"இட்டுன்னா போட்டு" என்று முடித்தான் ஒச்சப்பன். "கோலம் இட்டுன்னு சொல்றோமே, அதான்."

தவசிக்கு மயிர்க்கூச்செறிந்தது. ஆகவே சால்மோனிட் என்றால், பானையில் போட்டாலும் பேசாமல் இருக்கிற மீன். எவ்வளவு தெளிவாக எழுதியிருக்கிறார் அந்த அதிகாரி!

உடனே மாயக்காள் வீட்டுச் சாலைத் தூக்கிவந்து, ஓடைத் தண்ணீரை நிரப்பி, பத்து மீன்களைப் பிடித்துப் போட்டார்கள். நாலு பேரும் சுற்றி உட்கார்ந்து காதைத் தீட்டிக்கொண்டார்கள்.

கொஞ்ச நேரத்தில் ஒச்சப்பன் பதறினான். "அண்ணே, வாயைத் தொறந்து தொறந்து மூடுது!"

"சத்தம் வரலையே?"

"நமக்குக் கேக்கல. பக்கத்துல இருக்கிற மீனு எப்படித் தலையாட்டுது பாருங்க!"

பார்த்தார்கள். உண்மைதான். பத்து மீனும் ஓயாமல் பேசிக்கொண்டிருந்தன. பேசின மீனை எல்லாம் ஒவ்வொன்றாக எடுத்து ஓடையில் விட்டார்கள். கடைசியில் சாலின் அடியில் வாயே திறக்காமல் ஒன்று மட்டும் உட்கார்ந்திருந்தது. மீனோடு தவறி வந்த நண்டு.

"இதுதாண்டா சால்மோனிட்!" என்று சோணைமுத்து கையை விட்டார். அது அவர் சுண்டுவிரலைப் பிடித்துக்கொண்டது. அப்போதும் ஒரு வார்த்தை பேசவில்லை.

ஆனாலும் தவசிக்கு மனசு ஆறவில்லை. கடிதத்தில் மீன் என்றல்லவா இருக்கிறது? மறுநாள் காலை முதல் பஸ்ஸில் கீழே டவுனுக்கு இறங்கினான். அங்கே கல்லூரியில் விலங்கியல் சொல்லித்தரும் ஜெயசீலி டீச்சரைத் தேடிப்பிடித்துக் கடிதத்தை நீட்டினான்.

அந்தம்மா பொறுமைசாலி. "சால்மன் மாதிரியான மீன்களுக்கெல்லாம் பொதுவா விஞ்ஞானத்துல சால்மோனிட்னு பேரு. எல்லாம் சால்மன் குடும்பத்தைச் சேர்ந்தது. குளிர்ந்த தண்ணியிலதான் இருக்கும். உங்க ஓடையில இருக்கிறதும் அநேகமா அதே குடும்பம்தான். அடையாளம் வேணும்னா முதுகைப் பாருங்க. வால்கிட்ட சின்னதா ஒண்ணு நீட்டிக்கிட்டு இருக்கும், கொழுப்புத் துடுப்பு. புரியுதா?"

"புரியுதுங்க. அந்தச் சொல்லை எப்படிங்க உபயோகிக்கிறது?"

"பெயராவும் வரும், பெயரடையாவும் வரும்" என்றார் டீச்சர். மணி அடித்தது. வகுப்புக்குப் போய்விட்டார்.

தவசி வழியெல்லாம் உதடு அசையச் சொல்லிக்கொண்டே வந்தான். ஒரு சொல்லைக்கூடச் சிந்தாமல் கொண்டுவந்து சங்கத்தின் முன் கொட்டினான்.

மூவரும் தலையைச் சொறிந்துகொண்டார்கள். பிறகு சோணைமுத்து மெதுவாகக் கேட்டார். "சாலமன் குடும்பமா? நம்ம டீக்கடைச் சாலமனா?"

"மலையில வேற எந்தச் சாலமன் இருக்கான்?" என்றாள் மாயக்காள்.

தவசி யோசித்தான். டீச்சர் கொஞ்சம் வேகமாகச் சொன்னார், சால்மன் என்று காதில் விழுந்தது. படித்தவர்கள் அப்படித்தான் பெயரைச் சுருக்கிச் சொல்வார்கள். மேலும், சாலமன் மாதிரி இருக்கும் என்றும் சொன்னார். சாலமனுக்கு முழி பெரிது. வாய் எப்போதும் பாதி திறந்திருக்கும். ஏன் இவ்வளவு நாள் இது தோன்றவில்லை?

டீக்கடைக்கு ஒரு மீனை எடுத்துக்கொண்டு ஓடினார்கள். சாலமன் பால் ஆற்றிக்கொண்டிருந்தான். ஒச்சப்பன் மீனை அவன் கன்னத்தோடு சேர்த்துப் பிடித்தான். மற்ற மூவரும் தள்ளி நின்று பார்த்தார்கள்.

"முழி ஒண்ணுதான்" என்றார் சோணைமுத்து.

"தாடைகூட" என்றாள் மாயக்காள்.

விஷயத்தைச் சொன்னதும் சாலமன் முதலில் சிரித்தான். பிறகு மீனைக் கையில் வாங்கி உற்றுப் பார்த்தான். அவன் முகம் மாறியது.

"எங்க அப்பாவுக்குத் தண்ணின்னா உசிரு. எந்நேரமும் ஆத்துலதான் கெடப்பாரு" என்றான். திடீரென்று நிமிர்ந்தான். "இத்தனை வருஷமா எங்க குடும்பத்தையா புடிச்சுப் பொரிச்சு வித்தீங்க?"

ஒச்சப்பன் அழுதான். இந்த முறை காரணம் எல்லோருக்கும் தெரிந்திருந்தது.

தவசிதான் சமாதானம் பேசினான். "சாலமண்ணே, குத்தகை போச்சுன்னா எவனோ வெளியூர்க்காரன் எடுப்பான். அவன் உங்க குடும்பத்தை மரியாதையாவா நடத்துவான்? வெள்ளிக்கிழமை அதிகாரி வர்றப்ப, இதெல்லாம் எங்க ஆளுகன்னு நீங்க வந்து நின்னாப் போதும்."

சாலமன் கண்ணைத் துடைத்துக்கொண்டு ஒப்புக்கொண்டான். மீனுக்கு ஒரு வாய் டீ ஊற்றப் போனவனை மாயக்காள் தடுத்தாள். சூடு ஆகாதாம்.

அடுத்தது கொழுப்புத் துடுப்பு. எந்த மீனுக்குக் கொழுப்பு என்று எப்படித் தெரிந்துகொள்வது? ஓடைக்கரையில் நின்று சோணைமுத்து ஒவ்வொரு மீனாகக் கையில் எடுத்து, "சங்கத் தலைவர் வந்திருக்கேன்" என்று அறிமுகம் செய்துகொண்டார். மூன்று மீன்கள் அடக்கமாக இருந்தன. நாலாவது மீன் வாலைச் சுழற்றி அவர் மீசையிலேயே ஒரு அறை விட்டது.

"இதுக்குத்தாண்டா கொழுப்பு!" என்று ஆனந்தக் கூத்தாடினார்.

மிச்சம் இருந்தது ஒன்றுதான்: பெயராகவும் வரும், பெயரடையாகவும் வரும்.

"பேரா வந்தா கூப்பிட்டுக்கலாம்" என்றாள் மாயக்காள். "அடையா வந்தா? அதிகாரி பசியோட ரெண்டு மைல் ஏறி வர்றப்ப, ஒரு அடைகூட வார்த்து வைக்காம எப்படி?"

தவசி பெருமூச்சு விட்டான். இந்தப் பெண்ணுக்கு எட்டாவது படிக்காமலே எல்லாம் புரிந்துவிடுகிறது.

வெள்ளிக்கிழமை விடிந்ததும் மாயக்காள் அடை வார்த்தாள். பெயரடை ஆயிற்றே, பொட்டுக்கடலையை வைத்து மேலே பெயரையும் எழுதச் சொன்னான் தவசி. ஒரு அடையில் 'சால்மோ' வரைக்கும்தான் இடம் இருந்தது. 'னிட்' இரண்டாவது அடைக்குப் போயிற்று.

பத்து மணிக்கு அதிகாரி வந்தார். வானதி என்று பெயர், சின்ன வயசு, மூச்சு வாங்கியது. ஓடைக்கரையில் பெரிய சால் ஒன்று. அதற்குள் கழுத்தளவு குளிர்ந்த தண்ணீரில் சாலமன் உட்கார்ந்திருந்தான். உதடு நீலம் பாரித்திருந்தது. மடியில், மீசையில் அறைவிட்ட மீன்.

"யார் இவர்?"

"சால்மோனிட்டுங்க" என்றார் சோணைமுத்து.

அதிகாரி சாலமனைப் பார்த்தார். "ஏங்க, உங்களுக்கு என்ன ஆச்சு?"

சாலமன் பேசவில்லை. பேசினால் மோனி இல்லை, குத்தகையும் இல்லை என்று தவசி படித்துப் படித்துச் சொல்லியிருந்தான்.

"குடும்பத் தலைவர்ங்க" என்றான் தவசி. "பெயரா வந்திருக்காரு. அடையா வந்தது அந்தத் தட்டுல இருக்கு."

அதிகாரி தட்டைப் பார்த்தார், தவசியைப் பார்த்தார், பிறகு நேராக ஓடையில் இறங்கினார். குனிந்து, ஒரு புள்ளிமீனை லாவகமாகக் கைகளில் ஏந்தி, முதுகைத் தடவினார். ஒச்சப்பன் அழுகையைத் தயாராக வைத்திருந்தான்.

"வாலுக்கு முன்னாடி கொழுப்புத் துடுப்பு இருக்கு" என்றார் அதிகாரி. "சந்தேகமே இல்லை. இதுதான் சால்மோனிட். குத்தகை உங்களுக்கே."

ஊர் அதிரும்படி சோணைமுத்து கத்தினார். மாயக்காள் குலவையிட்டாள். சாலுக்குள்ளிருந்து பல் தந்தியடிக்க ஒரு குரல் வந்தது.

"அப்ப நான் யாரு?"

"நீங்க மொதல்ல எந்திரிச்சு வந்து தலையைத் துவட்டுங்க" என்றார் அதிகாரி. பிறகு பசியில் 'னிட்' அடையைப் பிய்த்துச் சாப்பிட்டார். 'சால்மோ'வைச் சாலமனுக்குக் கொடுத்தார்கள்.

கிளம்பும்போது அதிகாரி தவசியிடம் தனியாகச் சொன்னார். "நீங்கதான் படிச்சவர் மாதிரி தெரியுது. திங்கட்கிழமை ஒரு மீனை உயிரோட எங்க ஆபீசுக்குக் கொண்டுவந்து கொடுங்க. பதிவு பண்ணணும். வழியில வெயில் படக்கூடாது."

தவசிக்கு மார்பு விம்மியது. திங்கட்கிழமை ஒரு மீனைக் குடத்தில் விட்டு, குடத்தை மடியில் வைத்து, பஸ்ஸுக்குள் குடையை விரித்துப் பிடித்தபடி டவுன் வரைக்கும் போனான். கண்டக்டர் என்னென்னவோ சொன்னார். தவசி குடையை மடக்கவில்லை. அவனுக்கு உத்தரவு இருக்கிறது.

அலுவலக வாசலில் காவலாளி நோட்டுப் புத்தகத்தைத் தள்ளினார். "மேடம் மீட்டிங்ல இருக்காங்க. பேரை எழுதிட்டு, மீனை விட்டுட்டுப் போ."

தவசி தயங்கினான். "விட்டுடவா?"

"அட, ஆமாய்யா. விட்டுட்டுப் போ."

"நல்லா யோசிச்சுத்தான் சொல்றீங்களா?"

"எனக்கு வேற வேலை இல்லையா? விட்டுட்டுப் போய்யா!"

தவசி நோட்டில் எழுதினான். பெயர்: சால்மோனிட். யாரைப் பார்க்க: மேடத்தை. பிறகு கட்டடத்தின் பின்பக்கம் போனான். அங்கே ஒரு வாய்க்கால் ஓடியது. குடத்தை மெல்லச் சாய்த்தான். மீன் ஒரு சுற்றுச் சுற்றிவிட்டு, திரும்பிப் பார்க்காமல் போயிற்று. எத்தனை புத்திசாலி மீன், வழிகூடக் கேட்கவில்லையே என்று வியந்தபடி தவசி காலிக் குடத்தோடு ஊர் திரும்பினான்.

பத்து நாள் கழித்து அதிகாரியிடமிருந்து கடிதம் வந்தது. 'மீன் இதுவரை வந்து சேரவில்லை. உடனே விளக்கம் தரவும்.'

சங்கம் கூடியது. ஒச்சப்பன் அழுது முடிக்கும்வரை காத்திருந்து, நாலு பேரும் கலந்து பேசி, சொல்லுக்குச் சொல் ஒப்புக்கொண்ட பிறகு தவசி பதில் எழுதினான்.

"மதிப்புக்குரிய அம்மாவுக்கு, வணக்கம். மீன் சென்ற திங்கட்கிழமைக்கு முந்தின திங்கட்கிழமை பதினொன்றரை மணிக்கே பின்பக்க வாய்க்கால் வழியாகத் தங்களைப் பார்க்கக் கிளம்பிவிட்டது. நோட்டில் பெயர் இருக்கிறது. டவுன் புதிது என்பதால் வழி தவறியிருக்கலாம். தாங்கள் கவலைப்பட வேண்டாம். அதைத் தேடிக் கூட்டிக்கொண்டு வருவதற்காக, விவரமான இன்னொரு மீனை அதே வாய்க்காலில் நாளைக் காலை விடுகிறோம். இரண்டும் சேர்ந்தே வரும்."