பதில் கேட்ட கணு

ஆவுடையப்பன் என்கிற கண்டக்டரின் நெஞ்சுக்குள்ளே, இதயத்தின் வலதுபக்கம் மேல்மூலையில், கணு என்று ஒருத்தி குடியிருந்தாள். ஆள் ஒரு நெல்லுமணியைவிடக் கொஞ்சம் பெரிசு, அவ்வளவுதான். பக்கத்தில் போய் உற்றுப் பார்த்தாலும் சுற்றியிருக்கிற சதைக்கும் அவளுக்கும் வித்தியாசம் தெரியாது. இதயத்தைப் படம் போட்டு ஆஸ்பத்திரிச் சுவரில் மாட்டுகிறார்களே, அவர்கள்கூட அவளுக்கு ஒரு புள்ளியை வைத்துவிட்டுப் போய்விடுவார்கள்.

ஆனால் வேலை என்னவோ அவளிடமிருந்துதான் தொடக்கம். அவள் வாயைத் திறந்து ஒரு குரல் கொடுக்க வேண்டும். அதைக் கேட்டு மேலறைச் சுவர்கள் சுருங்கும். குரல் அப்படியே இறங்கி நடுவாசலுக்குப் போகும். அங்கே இருக்கிற வாசல்காரர் பெரிய ஒழுங்குக்காரர். "பொறு பொறு, மேலே இருக்கிற ரத்தம் இறங்கட்டும்" என்று ஒரு கணம் நிறுத்திவைத்து, அப்புறம்தான் குரலைக் கீழே விடுவார். கீழறைகள் ஓங்கி ஒரு குத்து விடும். ரத்தம் தலைக்கும் பாயும், காலுக்கும் பாயும். ஆவுடையப்பன் தெம்பாக நின்றுகொண்டு, "உள்ள போங்க, உள்ள போங்க! கம்பியப் பிடிச்சுக்கிட்டு நின்னா எப்பிடி?" என்று ஊரை அதட்டுவார்.

கணு என்ன சொல்லிக் கூப்பிடுவாள் என்று கேட்கிறீர்களா? எல்லாம் அவரிடம் கற்றுக்கொண்டதுதான். விலா எலும்பு வழியாக நாள் முழுக்க அவள் காதில் விழுவது அந்த ஒன்றுதானே? அதனால் அவளும் "போலாம், ரைட்!" என்பாள்.

சொல்லிவிட்டுக் கொஞ்சம் காத்திருப்பாள். ஒரு சத்தமும் வராது. திரும்பவும் "போலாம், ரைட்!" என்பாள். ம்ஹூம்.

அந்த வீட்டு அமைப்பு அப்படி. குரல் கடந்துபோன சதை அந்த நிமிஷமே கண்ணயர்ந்துவிடும். தூங்குகிறவன் என்னத்தைப் பதில் சொல்வான்? குரல் முன்னால் போகுமே தவிரப் பின்னால் வராது. தாய் வயிற்றுக்குள் இருந்தபோதே கூப்பிட ஆரம்பித்தவள் அவள். இத்தனை காலத்தில் ஒருத்தர், ஒரே ஒருத்தர், "என்ன கணு?" என்று கேட்டதில்லை. எனக்கானால் பைத்தியமே பிடித்திருக்கும்.

அவளிடம் பேசுகிறவர் என்று பார்த்தால் நிதானம் ஒருத்தர்தான். மண்டையிலிருந்து கழுத்து வழியாக இறங்கி வருகிற நரம்பு அவர். அவரும் நலம் விசாரிக்க வருவதில்லை, உத்தரவோடு வருவார். "கணு, மெல்ல" என்பார். போய்விடுவார்.

ஒருநாள் அவரைப் பிடித்து நிறுத்திக் கேட்டுவிட்டாள். "ஏண்ணே, நான் கூப்பிடுறது யாருக்காவது கேக்குதா?"

"அது எனக்கென்னம்மா தெரியும்? இரைப்பையைப் பாக்கணும், குடலைப் பாக்கணும், மனுசனுக்கு ஆயிரம் வேலை."

"யாராவது ஒரே ஒரு தடவை 'சரி'ன்னு சொன்னாப் போதும்ணே. அதுக்கப்புறம் வாயே திறந்து கேக்க மாட்டேன்."

"இந்த வீட்டுல பதில் வரக் கூடாது, கணு" என்றார் நிதானம். "வந்தா நீ தாங்க மாட்டே."

ஏன் என்று சொல்லவில்லை. இரைப்பை கூப்பிட்டது, போய்விட்டார்.

வெளியே ஆவுடையப்பன் நிலைமையும் ஒன்றும் மெச்சும்படி இல்லை. மனைவி செண்பகம் போன சித்திரையில் தவறிப்போனாள். அதிலிருந்து சாப்பாடு நேரத்துக்குக் கிடையாது. சாப்பிட வேண்டிய நேரத்திலெல்லாம் டீதான். உறக்கமும் சரியில்லை. வேலை முடிந்து வீட்டுக் கதவைத் திறந்ததும் பழைய பழக்கத்தில் "வந்துட்டேன்" என்று உள்ளே பார்த்துக் குரல் கொடுப்பார். வீடு கம்மென்று இருக்கும். நிலைப்படியிலேயே கொஞ்ச நேரம் நின்றுவிட்டு உள்ளே போவார்.

கணு நிதானத்திடம் கேட்டதை ஒருத்தன் ஒட்டுக் கேட்டுவிட்டான். மேலறைச் சுவரில் துடியான் என்று ஓர் இளந்தசை. மனசு தங்கம், புத்திதான் கொஞ்சம் மட்டு. ஆவுடையப்பன் டீயாகக் குடித்துத் தள்ளியதில் ஏற்கனவே அவனுக்கு நிலைகொள்ளவில்லை. 'அடப்பாவமே, ஒரு வார்த்தைதானே, நாம சொல்லிட்டுப் போவோமே' என்று நினைத்துவிட்டான்.

மறுநாள் காலை. தென்காசியிலிருந்து கடையம் போகிற டவுன் பஸ், பள்ளிக்கூட நிறுத்தத்தில் நின்று ஆள் ஏற்றிக்கொண்டிருந்தது. ஆவுடையப்பன் பின்படிக்கட்டில் நின்றார். கணு "போலாம், ரைட்!" என்று கூப்பிட்டு முடித்து, அடுத்ததற்கு மூச்சு இழுக்கப் போகிற நேரம்.

"சரி!"

கணு அப்படியே உறைந்துபோனாள்.

"சரி கணு!" என்றிருந்தான் துடியான். சொல்லிய கையோடு வழக்கம்போலத் தூங்கியும்விட்டான். அவளுக்கு அழுகையே வந்துவிட்டது. கேட்டிருக்கிறது! இத்தனை நாளும் கேட்டுக்கொண்டுதான் இருந்திருக்கிறார்கள்! என்ன பேசலாம், முதலில் என்ன கேட்கலாம் என்று அவள் யோசித்து முடிக்கவில்லை.

"சரி!"

இரண்டாவது தடவை. அவள் சிரித்தாள். "கேட்டுட்டேன், கேட்டுட்டேன்" என்று சொல்ல வாயெடுத்தாள்.

"சரி! சரி! சரி!"

நடந்தது இதுதான். நடுவாசலில் ஆவுடையப்பனுக்குப் பிறவியிலேயே இரண்டு பாதை. ஒன்று குறுக்குவழி, ஒன்று சுற்றுவழி. கணு கூப்பிடும்போது இரண்டும் விழித்திருக்கும். குரல் குறுக்குவழியில் முதலில் போய்ச் சேர்ந்துவிடும், தொல்லை இல்லை. துடியான் நேரங்கெட்ட நேரத்தில் கத்தியதால், அவன் குரல் வந்தபோது குறுக்குவழிக்கு இன்னும் தூக்கம் கலையவில்லை. குரல் சுற்றுவழியில் இறங்கியது. அடிக்குப் போய்ச் சேர்வதற்குள் குறுக்குவழி முழித்துக்கொண்டது. திறந்து கிடக்கிறதே என்று குரல் அதன் வழியே மேலே ஏறிவிட்டது. ஏறினது மறுபடியும் சுற்றுவழியில் இறங்கியது. செக்குமாடு மாதிரி சுற்றச் சுற்ற, ஒவ்வொரு சுற்றுக்கும் மேலே ஒரு "சரி", கீழே ஒரு "சரி".

"நான் ஒண்ணு சொல்லிக்கிடுறேனே!" என்றாள் கணு.

"சரிசரிசரிசரி!"

"யாருப்பா நீ?"

"சரிசரிசரிசரி!"

அப்போதுதான் அவளுக்குப் பகீரென்றது. அங்கே யாருமே இல்லை. கேட்காமலே சொல்லிக்கொண்டிருக்கிற வெறும் சத்தம் அது. அவள் வாயைத் திறக்குமுன் முகத்தில் வந்து அறைந்தது. தனியாகக் கூப்பிட்டுக்கொண்டிருந்த நாளிலாவது அவளுக்கென்று ஒரு குரல் இருந்தது. இப்போது அதுவும் போயிற்று.

கீழறைகள் திண்டாடின. ரத்தம் வந்து நிறைய நேரமில்லை. பாதிக் குடத்தை வைத்துக்கொண்டு குத்து, குத்து என்று குத்தின. தலைக்குப் போக வேண்டியது போகவில்லை. படிக்கட்டில் நின்ற ஆவுடையப்பன் விசிலை வாயில் வைத்தார். மூச்சு வரவில்லை. கண் இருட்டிக்கொண்டு வந்தது. அப்படியே கடைசி சீட்டில் சரிந்தார்.

"ஏய்யா, வண்டிய எடுய்யா, நேரமாச்சு!" என்று யாரோ முன்னால் கத்தினார்கள்.

டிரைவர் யோவான் எடுக்கவில்லை. ஆள் ஏறி முடித்தாயிற்று, விசில் வரவில்லையே? கண்ணாடியில் பார்த்தான். படிக்கட்டில் அண்ணாச்சியைக் காணோம். கூட்டத்தை இடித்துத் தள்ளிக்கொண்டு பின்னால் ஓடி வந்தான்.

"என்ன அண்ணாச்சி? என்ன செய்யுது?"

ஆவுடையப்பன் நெஞ்சைத் தொட்டுக் காட்டினார். யோவான் திரும்பி ஓடி ஸ்டியரிங்கில் உட்கார்ந்தான். ஆட்களை இறக்கிவிடக்கூட இல்லை. அம்மிக்கல் வாங்கிக்கொண்டு போகிறவர், பரீட்சைக்குப் போகிற பிள்ளைகள், அத்தனை பேரோடும் வண்டி பெரிய ஆஸ்பத்திரிக்குள் நுழைந்து வாசலில் நின்றது. விசில் இல்லாமல் அவன் வண்டி எடுத்தது அன்றைக்குத்தான்.

டாக்டரம்மா நெஞ்சில் ஒயர் ஒட்டி, இதயத் துடிப்பின் கோடு ஓடுவதைத் திரையில் பார்த்தார். ஊசியில்லாத ஒரு சிரிஞ்சை எடுத்து ஆவுடையப்பன் வாயில் வைத்தார். "ஐயா, உள்ளே இருக்கிற தண்டு நகர்ற மாதிரி ஊதுங்க. நல்லா, விடாம ஊதணும்."

"ஊசி போடாம ஊதச் சொல்லுதீகளே?" என்றான் யோவான். "அண்ணாச்சி, விசில்னு நினைச்சுக்கிட்டு ஊதுங்க. ஊதுங்க அண்ணாச்சி!"

ஊதுவதற்கு அவருக்குச் சொல்லிக் கொடுக்கவா வேண்டும்? இருந்த தம்மையெல்லாம் கூட்டி ஊதினார். நெஞ்சு இறுகியது. போதும் என்றதும் அவரைச் சட்டென்று மல்லாத்திப் படுக்க வைத்து, டாக்டரம்மா ஒரு காலையும் யோவான் ஒரு காலையும் உயரத் தூக்கிப் பிடித்தார்கள். காலில் கிடந்த ரத்தமெல்லாம் நெஞ்சுக்கு ஓடி வந்தது. செய்தி மண்டைக்குப் போனது. நிதானம் தலைதெறிக்க இறங்கி வந்தார்.

"வாசலைச் சாத்தும்!" என்று கத்தினார்.

வாசல்காரர் சாத்தினார். சுற்றி வந்த "சரி" கதவில் மோதி விழுந்தது. விழுந்ததோடு சரி.

அமைதி.

அப்படி ஓர் அமைதியைக் கணு பார்த்ததே இல்லை. மேலறை, கீழறை, வாசல், எங்கேயும் ஒரு அசைவு கிடையாது. துடியான் எங்கோ மூலையில் ஒடுங்கிக் கிடந்தான். யாராவது ஏதாவது சொல்வார்கள் என்று கணு பார்த்தாள். யாரும் சொல்லவில்லை. திரையில் கோடு நீட்டமாகப் போனது.

"அண்ணாச்சி!" என்று வெளியே யோவான் அலறியது விலா வழியாகக் கேட்டது.

ஐயோ, இவர்கள் சொல்ல மாட்டார்கள். இங்கே முதலில் பேசுகிறவள் நான் ஒருத்திதான் என்று கணுவுக்கு உறைத்தது. ஒரு தடவை முயன்றாள், காற்றுதான் வந்தது. பயமாக இருந்தது. பெற்ற தாயில்லாத பிள்ளை மாதிரி அழுகை முட்டியது. அதையும் விழுங்கிவிட்டு வாயைத் திறந்தாள்.

"போலாம்... ரைட்."

மேலறை சுருங்கியது. வாசல்காரர் ஒரு கணம் நிறுத்தினார். கீழே ஓங்கி ஒரு குத்து.

யாரும் பதில் சொல்லவில்லை. அவள் அடுத்ததையும் கூப்பிட்டாள்.

முகம் தெளிந்து, தண்ணீர் குடித்து, ஆவுடையப்பன் கட்டிலில் சாய்ந்து உட்கார்ந்தார். யோவான் அவர் காலை இன்னும் விடவில்லை.

"காலை விடுடே. நான் விசிலே அடிக்கல, அதுக்குள்ள எப்பிடி ஓடி வந்த?"

"விசில் வரலியே அண்ணாச்சி. அதான் வந்தேன்."

ஆவுடையப்பனுக்கு என்னவோ போலாகிவிட்டது. நாள்பட்ட குறை ஒன்று வாயில் வந்துவிட்டது. "இத்தனை வருசமா நானும் ரைட்டு ரைட்டுன்னு கத்துதேன். ஒருநாளாவது 'சரி அண்ணாச்சி'ன்னு ஒரு வார்த்தை சொல்லிருக்கியாடே? இப்ப வீட்லயும் பதில் சொல்ல ஆள் இல்ல, வண்டிலயும் இல்லன்னு நினைச்சுக்கிடுவேன்."

யோவான் பேந்தப் பேந்த விழித்தான். "நீங்க ரைட்டுன்னதும் வண்டிய எடுத்துருதேனே அண்ணாச்சி. அதுக்கு மேல என்னத்தச் சரின்னு சொல்ல?"

விலா எலும்புக்கு இந்தப் பக்கம் கணு அதைக் கேட்டாள்.

அவள் இருக்கிற மூலைக்குப் பக்கத்தில் ஒரு வாசல் உண்டு. உடம்பு முழுக்கச் சுற்றின ரத்தம் திரும்பி வந்து விழுகிற இடம். ஒவ்வொரு தடவை அவள் கூப்பிட்ட பின்னும் அவள்மேல் பட்டுக்கொண்டுதான் விழும். இவ்வளவு காலமும் அதை வெறும் ஈரம் என்று நினைத்திருந்தாள். இப்போது முதல்முறையாக அதன்மேல் கவனம் வைத்தாள். வெதுவெதுப்பாக இருந்தது. நீட்டி முழக்காமல் வந்தது, போனது.

அதற்காக அவள் தனிமை தீர்ந்துவிட்டது என்று நான் கதை விட மாட்டேன். மூலை அதே மூலைதான். பேச்சுத்துணைக்கு நாதியில்லை. நிதானம் மட்டும் போகிற போக்கில், "இனிமே கேக்க மாட்டியே?" என்றார். அவள், "மாட்டேண்ணே" என்றாள்.

டாக்டரம்மா மாத்திரையும் புத்திமதியும் கொடுத்து, டீயைக் குறைக்கச் சொல்லி அனுப்பினார். யோவான் வீட்டுவாசல் வரை கொண்டுவந்து விட்டுவிட்டு வண்டிக்குப் போனான். ஆவுடையப்பன் கதவைத் திறந்தார். பழக்கம் போகுமா?

"வந்துட்டேன்" என்றார்.

வீடு கம்மென்று இருந்தது. வழக்கம்போல நிலைப்படியிலேயே நின்றார். இன்றைக்குக் கொஞ்சம் அதிகமாகவே நின்றார்.

உள்ளே கணுவுக்குத் துடித்தது. இந்த மனுசனுக்கு ஒரு பதில் சொல்ல வேண்டும் போலிருந்தது. அவளுக்குத் தெரிந்ததோ ஒரே ஒரு சொல். அதையே சொன்னாள்.

"போலாம், ரைட்."

அவர் காதில் விழவில்லை. செருப்பைக் கழற்றிப் போட்டுவிட்டு உள்ளே போய், சோறு வைக்க அடுப்பைப் பற்றவைத்தார்.